கேளுங்கள், சொல்லப்படும்!

இந்த வாரத் தபால் முழுக்க ஆரணி வட்டாரம். ஒண்ணுபுரத்துப் பெண் ஒருத்தி தொடங்கிவைத்தாள். சேவூர், களம்பூர், போளூர் என்று வரிசையாகப் பிடித்துக்கொண்டார்கள். விஷயம் கனம். பதில் நீளாது.

கே: ஹிட்லர் யூதர்களைக் கொன்றது பற்றிப் பாடத்தில் சில வரிகள்தான் வருகின்றன. மேற்கொண்டு யாரைக் கேட்பது?
— பத்தாம் வகுப்பு மாணவி, ஒண்ணுபுரம்

ப: பின்ஹாஸ் குட்டரைக் கேள், கண்ணு. 1932இல் போலந்தின் வூட்ஜ் நகரில் பிறந்தவர். வார்சாவில் யூதர்களை அடைத்துவைத்த கெட்டோ, மைதானெக் வதைமுகாம், அடுத்தடுத்து அடிமை வேலை முகாம்கள். 1945 மே மாதம் தெரேசியன்ஸ்டாட் முகாமில் விடுதலையானபோது அவர் உன்னைவிடச் சின்னவர். பிற்பாடு கனடாவின் டொரன்டோவில் குடியேறி, தான் பட்டதைப் பிள்ளைகளுக்குச் சொல்வதையே வேலையாக்கிக்கொண்டார். கொன்றவனை அறிய நூலகம் போ. கொலையை அறியத் தப்பியவரிடம் போ.

கே: ஆரணியிலிருந்து டொரன்டோ போய்க் கேட்கவா முடியும்?
— தார் சுற்றும் தொழிலாளி, ஆரணிப்பாளையம்

ப: போக வேண்டாம். அவரே கிளம்பி வந்துவிட்டார். 2014இல் லாஸ் ஏஞ்சலிஸில் நூற்றுக்கும் மேற்பட்ட கேமராக்களுக்கு நடுவே அவரை உட்காரவைத்து, ஆயிரத்துக்கும் மேற்பட்ட கேள்விகள் கேட்டுப் பதிவுசெய்தார்கள். நாம் கேட்டால், திரையில் இருக்கும் குட்டர் நம்மைப் பார்த்துப் பதில் சொல்வார். அருங்காட்சியகத்தில் ஆளுயரம், இணையத்தில் கையடக்கம். 1994இல் இயக்குநர் ஸ்பீல்பெர்க் தொடங்கிய ஷோவா அறக்கட்டளையின் ஏற்பாடு. கேள்வி-பதில் எழுதுகிறவர்களுக்கெல்லாம் குலதெய்வம் இந்த மனிதர்தான்.

கே: கணினி சொல்வதை எப்படி நம்புவது? இப்போது செத்தவரையே பேசவைக்கிறார்களே?
— கைபேசிக் கடைக்காரர், ஆரணி

ப: நியாயமான சந்தேகம். இங்கே கணினிக்கு எடுபிடி வேலை மட்டும். கேள்வியைப் புரிந்துகொண்டு பொருத்தமான பதிவைத் தேடி எடுத்துப் போடும். சொந்தமாக ஒரு சொல் சேர்க்காது. சொல் அவருடையது, குரல் அவருடையது, நடுவில் வரும் மௌனம்கூட அவருடையது. கலப்படமில்லாத சரக்கு.

கே: வூட்ஜ் எந்த மாதிரி ஊர்?
— பட்டு நெசவாளர், சேவூர்

ப: உங்களுக்கு உறவு முறை, ஐயா. துணியால் பெருத்த ஊர். போலந்தின் மான்செஸ்டர் என்று பெயர் வாங்கியது. போருக்கு முன் அங்கே மூன்றில் ஒருவர் யூதர். குட்டரின் குடும்பம் வார்சாவுக்கு ஓடியது. மற்றவர்களை 1940இல் ஊரின் ஒரு மூலையில் அடைத்து வேலி போட்டார்கள். வேலிக்குள் பட்டறைகள்; தைத்தது ஜெர்மன் ராணுவத்துக்குச் சீருடை. கை ஓடும்வரை உயிர் ஓடும் என்று நம்பி உழைத்தார்கள். 1944 ஆகஸ்டில் மிச்சமிருந்தவர்களையும் அவுஷ்விட்ஸ் கொலைமுகாமுக்கு ரயில் ஏற்றினார்கள். வேலை வாங்கியவன் கூலி தரவில்லை. உயிரையும் சேர்த்து எடுத்துக்கொண்டான்.

கே: குட்டர் சொன்னதில் உங்களை உலுக்கியது எது?
— இல்லத்தரசி, போளூர்

ப: 1943இல் அவர் குடும்பத்தை வார்சாவிலிருந்து மைதானெக்குக் கொண்டுபோனார்கள். அப்பா, அம்மா, இரட்டைச் சகோதரி சபீனா மூவரும் அங்கே கொல்லப்பட்டார்கள். சபீனாவைப் பற்றி அவர் நினைவில் நிற்பது பொன்னிறப் பின்னல் ஒன்றுதான். கூடப் பிறந்தவளின் முகம் வரவே இல்லை. கொல்லப்பட்ட யூதர் அறுபது லட்சம் என்ற எண் மூளைக்குள் போகும். அந்தப் பின்னல் தூக்கத்துக்குள் வரும். சாட்சியம் எதற்கு என்று யாராவது கேட்டால் இந்த வித்தியாசத்தைச் சொல்லுங்கள், அம்மா.

கே: அறுபது லட்சம் என்று கணக்குப் போட்டது யார்?
— அரிசி ஆலைக் கணக்கர், களம்பூர்

ப: பாதிக் கணக்கைக் கொன்றவர்களே எழுதிவைத்தார்கள். ரயில் பட்டியல், முகாம் பேரேடு, மேலிடத்துக்குத் தந்தி. 1943 ஜனவரியில் ஹோஃப்லே என்ற அதிகாரி அனுப்பிய செய்தியை பிரிட்டிஷார் ஒட்டுக்கேட்டார்கள். முந்தைய ஆண்டு முடிய, மைதானெக் உள்பட நான்கு முகாம்களின் கணக்கு: 12,74,166. போருக்கு முந்தைய, பிந்தைய மக்கள்தொகைக் கணக்கு மீதியைச் சொன்னது. நம் திருவண்ணாமலை மாவட்டத்தின் 2011 மக்கள்தொகை 24,64,875. அறுபது லட்சத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள், இரண்டு மாவட்டம் காலியாகி மூன்றாவதிலும் பாதியை நெருங்கும். ஜெருசலேமின் யாட் வாஷெம் நினைவகம் ஐம்பது லட்சத்தை ஒட்டிய பெயர்களைத் திரட்டியிருக்கிறது. கொலைகாரன் எண்ணினான். சாட்சிகள் பெயர் சொன்னார்கள்.

கே: இதெல்லாம் கட்டுக்கதை என்று எனக்கு வாட்ஸ்அப்பில் வந்ததே?
— ஆட்டோ ஓட்டுநர், கண்ணமங்கலம்

ப: வருமென்று 1945லேயே ஒருவர் சொல்லிவிட்டார், தம்பி. அமெரிக்கத் தளபதி ஐசனோவர் அந்த ஏப்ரலில் ஓர்ட்ரூஃப் முகாமுக்கு நேரில் போனார். பிற்காலத்தில் எவனாவது இது பிரச்சாரம் என்பான், அப்போது சாட்சி சொல்லவே வந்து பார்த்தேன் என்று எழுதினார். பத்திரிகையாளர்களையும் வரவழைத்துக் காட்டினார். அவர் நினைத்தபடியே டேவிட் இர்விங் என்பவர் வந்தார். தன்னை மறுப்பாளர் என்று எழுதிய பேராசிரியை டெபோரா லிப்ஸ்டாட் மீது லண்டனில் அவதூறு வழக்குப் போட்டார். 2000 ஏப்ரலில் தோற்றார். ஃபார்வேர்டு செய்ய விரல் ஒன்று போதும். நீதிமன்றத்தில் நிற்கக் கால் வேண்டும்.

கே: தப்பி வந்தவர்கள் ஏன் பல வருடம் வாய் திறக்கவில்லை?
— ஓய்வுபெற்ற தமிழாசிரியர், ஆரணி

ப: காது திறக்கவில்லை, ஐயா. இத்தாலியின் பிரிமோ லெவி ஊர் திரும்பியதும் உட்கார்ந்து எழுதினார். பெரிய பதிப்பகம் திருப்பி அனுப்பியது. 1947இல் சின்னப் பதிப்பகம் ஒன்று 2,500 படிகள் அச்சிட்டது. முதலில் மறுத்த அதே பதிப்பகம் 1958இல் வாங்கிப் போட்டது. திருப்பம் 1961. ஜெருசலேமில் நாஜி அதிகாரி ஐக்மன் மீதான வழக்கில் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் கூண்டேறினார்கள். வானொலி அதை வீடுவீடாகக் கொண்டுபோனது. பக்கத்து வீட்டுக்காரர் என்ன பட்டார் என்று அன்றுதான் பலருக்குத் தெரிந்தது. சாட்சிக்குக் கூண்டு மட்டும் போதாது. எதிரே ஆள் வேண்டும்.

கே: வயதானவர் விவரத்தைத் தப்பாகச் சொன்னால், சொன்னது பொய்யாகிவிடாதா?
— சட்டக் கல்லூரி மாணவர், சேத்துப்பட்டு

ப: 1944 அக்டோபர் 7. அவுஷ்விட்ஸில் பிணம் எரிக்க வைத்திருந்த கைதிகள் கலகம் செய்தார்கள். பார்த்த ஒரு பெண் பின்னாளில் நான்கு புகைபோக்கிகள் வெடித்தன என்றார். வெடித்தது ஒன்று. இந்தச் சாட்சியம் செல்லாது என்றார்கள் வரலாற்றாளர்கள். அவரைப் பேட்டி கண்ட மனநல மருத்துவர் டோரி லாப் மறுத்தார். அவுஷ்விட்ஸில் கலகம் நடக்கும் என்று எவரும் நினைக்கவில்லை, நடந்தது, அந்த அதிர்ச்சியை அவர் சொல்கிறார் என்றார். நீங்கள் வக்கீல் ஆகப் போகிறவர். ஆவணத்திடம் எண்ணைக் கேளுங்கள். மனுஷியிடம் என்ன நடந்தது என்று கேளுங்கள். இருவரையும் கூண்டில் ஏற்றுங்கள்.

கே: இப்படிப்பட்ட கொடுமையை மன்னிக்க முடியுமா?
— பூக்கடைப் பாட்டி, படவேடு

ப: ஈவா கோர் மன்னித்தார், பாட்டி. ருமேனியாக்காரி. பத்து வயதில் இரட்டைச் சகோதரி மிரியத்தோடு அவுஷ்விட்ஸுக்குக் கொண்டுபோகப்பட்டு, மெங்கெலே என்ற மருத்துவனின் சோதனைக்கு ஆளானவர். 1995இல் அதே முகாமில் நின்று மன்னித்தேன் என்று அறிவித்தார். மற்ற சாட்சிகள் பலர் கொதித்தார்கள். அது அவர்கள் உரிமை. அதே வருடம் அமெரிக்காவில் டெரஹோட் நகரில் அருங்காட்சியகம் திறந்தார். 2003இல் அதற்குத் தீ வைத்தார்கள். 2005இல் மறுபடி கட்டினார். 2019 ஜூலையில், ஆண்டுதோறும்போல ஆட்களைக் கூட்டிக்கொண்டு அவுஷ்விட்ஸ் காட்டப் போன பயணத்தில் போலந்திலேயே காலமானார். மன்னித்தவர் மறக்கவில்லை. மறந்தவர்கள்தான் மன்னிப்பைப் பற்றி அதிகம் பேசுகிறார்கள்.

கே: எண்பது வயதுக்கு மேல் ஒருவர் சமூகத்துக்கு என்ன செய்துவிட முடியும்?
— மூத்த குடிமகன், இரும்பேடு

ப: மார்கோட் ஃப்ரீட்லெண்டர் 88 வயதில் வேலையை ஆரம்பித்தார். பெர்லினில் பிறந்தவர், அம்மாவையும் தம்பியையும் அவுஷ்விட்ஸில் இழந்தவர், தெரேசியன்ஸ்டாட்டிலிருந்து மீண்டு நியூயார்க்கில் வாழ்ந்தவர். 2010இல் பெட்டியைக் கட்டிக்கொண்டு பெர்லினுக்கே திரும்பினார். பள்ளி பள்ளியாகப் போய், கொன்றவர்களின் பேரப்பிள்ளைகளிடம் பேசினார். கேட்டது ஒன்றே ஒன்று: மனிதராக இருங்கள். 2025 மே 9 அன்று 103 வயதில் காலமாகும்வரை ஓயவில்லை. எழுந்திருங்கள் ஐயா, உங்களுக்கு இன்னும் நேரமிருக்கிறது.

கே: நம் நாட்டுக்கும் யூதர்களுக்கும் என்ன தொடர்பு?
— பட்டுச்சேலை வியாபாரி, ஆரணி

ப: வியாபாரத் தொடர்பு முதலில். பதினேழாம் நூற்றாண்டிலேயே பவளம் கொண்டுவந்து வைரம் வாங்கிப்போன யூத வணிகர்கள் சென்னையில் இருந்தார்கள். 1688இல் அமைந்த சென்னை மாநகராட்சியின் ஆல்டர்மேன்களிலும் யூதர் உண்டு. பிறகு அடைக்கலத் தொடர்பு. ஆகாசவாணியின் காலை முகப்பிசையை அமைத்த வால்டர் காஃப்மன், ஹிட்லருக்குத் தப்பி 1934இல் பம்பாய் வந்த யூதர். அடைக்கலம் யூதருக்கு மட்டுமல்ல: இரண்டாம் உலகப் போரில் போலந்துக் குழந்தைகளுக்கு நவாநகர் மகாராஜா பாலாசடியில் வீடு கொடுத்தார். அவர் பெயரில் இன்று வார்சாவில் சதுக்கம் இருக்கிறது. விரட்டியவன் தொலைத்த இசையில் நாம் பல்லாண்டு கண் விழித்தோம்.

கே: அந்தப் போரில் தமிழனுக்கு என்ன நஷ்டம்?
— முன்னாள் ராணுவ வீரர், கம்மவான்பேட்டை

ப: கொஞ்சமில்லை, ஐயா. 1942-43இல் ஜப்பானியர் சயாமுக்கும் பர்மாவுக்கும் இடையே 415 கிலோமீட்டர் ரயில் பாதை போட்டார்கள். மலாயா ரப்பர்த் தோட்டங்களிலிருந்து கொண்டுபோன தமிழர்கள் காலராவிலும் பசியிலும் அடியிலும் பல்லாயிரக்கணக்கில் மாண்டார்கள். காஞ்சனபுரியில் நேச நாட்டுப் போர்க்கைதிகளுக்கு ஏறத்தாழ ஏழாயிரம் கல்லறைகள் வரிசையாக நிற்கின்றன. அந்தப் பாதையைப் பற்றிய குவாய் நதிப் பாலம் படத்துக்கு ஏழு ஆஸ்கர் கிடைத்தது. நம்மவரை நினைவில் வைத்தவர்கள் மலேசியத் தமிழ் எழுத்தாளர்கள்: ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’. தப்பி வந்த தாத்தாக்களை நேரத்தோடு கேட்டிருந்தால் அலமாரி நிறைந்திருக்கும். யூதர்கள் கேட்டார்கள். நாம் காரியம் முடித்துப் படையல் போட்டோம்.

கே: என் அம்மா முள்ளிவாய்க்காலிலிருந்து வந்தவர். அவரும் சாட்சிதானே?
— மறுவாழ்வு முகாமில் வளர்ந்தவர், திருவண்ணாமலை

ப: சந்தேகமில்லாமல். 2009இல் இலங்கைப் போரின் கடைசி மாதங்களில் 40,000 குடிமக்கள்வரை இறந்திருக்கலாம் என்றது 2011இல் வந்த ஐ.நா. நிபுணர் குழு அறிக்கை. குட்டர் குடியேறிய அதே ஒன்டாரியோ மாகாணம் 2021இல் தமிழ் இனப்படுகொலை கல்வி வாரத்துக்குச் சட்டமே போட்டது; மே 18 அன்று வாரம் முடியும். மறு ஆண்டு கனடா நாடாளுமன்றம் அந்த நாளை நினைவு நாளாக ஏற்றது. தம்பி, நினைவுக் கஞ்சி காய்ச்சும் நாளுக்குக் காத்திராதே. அம்மா பேசும் மனநிலையில் இருக்கும்போது கைபேசியில் பதிவுசெய்: தேதி, ஊர், கூட இருந்தவர்கள். அழுதால் நிறுத்து. வெளியிடலாமா என்று அவரையே கேள். சட்டம் கனடாவில் இருக்கிறது. சாட்சி உன் வீட்டில் இருக்கிறார்.

கே: தமிழ்நாட்டிலேயே சாட்சியம் ஜெயித்த கதை உண்டா?
— விவசாயத் தொழிலாளி, முள்ளிப்பட்டு

ப: கீழ்வெண்மணி. 1968 டிசம்பர் 25 இரவு, கூலி உயர்வு கேட்ட சேரியில் 44 பேரை ஒரே குடிசையில் வைத்து எரித்தார்கள். பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். 1973இல் சென்னை உயர் நீதிமன்றம் நிலக்கிழார்களை விடுதலை செய்தது. தப்பியவர்கள் விடவில்லை, வந்தவரிடமெல்லாம் சொன்னார்கள். பாரதி கிருஷ்ணகுமார் ‘ராமையாவின் குடிசை’ ஆவணப்படத்தில் அவர்களைப் பேசவைத்தார். இன்று ஊருக்குத் தெரிவது அவர்கள் சொன்ன கதை. தீர்ப்பை மேல்முறையீட்டில் மாற்றலாம். நேரில் பார்த்தவளின் வார்த்தைக்கு மேல்முறையீடு கிடையாது.

கே: யூதர் துயரத்தைப் பேசினால் காஸாவின் துயரத்தை மறைப்பதாக ஆகாதா?
— கல்லூரி மாணவி, செய்யாறு

ப: சாட்சியை ஒழுங்காகக் கேட்டவர் அப்படி மறைக்க மாட்டார். 1948இல் ஐ.நா. நிறைவேற்றிய இனப்படுகொலை உடன்படிக்கை யூதருக்கு மட்டும் எழுதியதல்ல. எந்த இனத்துக்கும், எந்த மதத்துக்கும். புகென்வால்ட் முகாமில் தப்பிய ஸ்டெஃபான் ஹெசல் தொண்ணூறு வயதுக்கு மேலும் பாலஸ்தீனர்களுக்காகக் குரல் கொடுத்தார். ஒரு பிள்ளைக்காக அழக் கற்றவள் எல்லாப் பிள்ளைக்காகவும் அழுவாள். ஆளைப் பார்த்து அழுகிறவள் இன்னும் கற்கவில்லை.

கே: சின்னப் பிள்ளைகளுக்கு இதைச் சொன்னால் பயந்துவிட மாட்டார்களா?
— நடுநிலைப் பள்ளி ஆசிரியை, எஸ்.வி.நகரம்

ப: பிணக் குவியலின் படத்தைக் காட்டினால் பயப்படுவார்கள். காட்டாதீர்கள். ஒரு பிள்ளையின் கதையைச் சொல்லுங்கள்: பள்ளி, விளையாட்டு, பூட்டிய கதவு, உதவிய கை. ஒன்டாரியோவில் 2023 முதல் ஆறாம் வகுப்பிலேயே கட்டாயப் பாடம். சொல்லும் முறை சரியாக இருந்தால் பிள்ளை பயப்படாது, கோபப்படும். அந்தக் கோபத்துக்குத்தான் டீச்சர், பாடம் நடத்துவது.

கே: சாட்சிகள் எல்லாரும் போய்ச் சேர்ந்த பிறகு யார் சொல்வது?
— பாவு பிணைப்பவர், தேவிகாபுரம்

ப: உங்கள் கையிலேயே பதில் இருக்கிறது. பழைய பாவு தறியில் இருக்கும்போதே அதன் நுனியில் புதுப் பாவை இழை இழையாக முறுக்கிச் சேர்க்கிறீர்கள். பழையது கழன்றுவிட்டால் விழுதிலும் அச்சிலும் முதலிலிருந்து கோக்க வேண்டும். 2024 தொடக்கத்தில் உலகெங்கும் இருந்த யூத சாட்சிகள் சுமார் 2,45,000 பேர். போர் முடிந்தபோது பெரும்பாலோர் குழந்தைகள். லண்டனில் லிலி எபர்ட் என்ற அவுஷ்விட்ஸ் பாட்டியின் பேச்சை அவருடைய கொள்ளுப்பேரன் டிக்டாக்கில் லட்சக்கணக்கானவர்களிடம் சேர்த்தான். பாட்டி 2024 அக்டோபரில் நூறு வயதில் விடைபெற்றார். பேரன் நேரத்தோடு பிணைத்துவிட்டான்.

கே: ஆரணியில் சாட்சி சொல்ல அப்படி என்ன இருக்கிறது?
— ஜரிகை வியாபாரி, கொசப்பாளையம்

ப: 1751 டிசம்பரில் ஆரணிப் போரில் கிளைவ் ஜெயித்தது புத்தகத்தில் இருக்கிறது. அன்று வீட்டை விட்டு ஓடிய குடியானவன் பெயர் எங்கே இருக்கிறது? சரி, அது பழங்கதை. முன்பணத்துக்கு ஈடாகப் பிள்ளைகளைப் பட்டுத்தறியில் உட்காரவைத்த காலம் இந்த வட்டாரத்தில் உண்டு. 1976இல் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம் வந்த பிறகும் அது உடனே ஓயவில்லை. யூதர் பட்டதும் இதுவும் ஒன்றல்ல. ஆனால் சொல்ல வேண்டிய கடமை ஒன்றுதான். அந்தப் பிள்ளைகளில் பலர் இன்று உங்கள் தெருவிலேயே நரைத்த தலையோடு இருக்கிறார்கள். பள்ளிக்கூடம் போகாமல் போன அந்தக் கதையைப் பள்ளிக்கூடத்துக்கே கூப்பிட்டுச் சொல்லவையுங்கள்.

கே: சரி, ஒரு சாட்சி எதிரே வந்து உட்கார்ந்தால் முதலில் என்ன கேட்பது?
— கைத்தறித் தொழில்நுட்பம் படிப்பவர், ஆரணி

ப: பெயரைக் கேள். அவுஷ்விட்ஸில் கைதியின் பெயரைப் பறித்துவிட்டு முன்கையில் எண்ணைப் பச்சை குத்தினார்கள். கொலை அங்கேயே தொடங்கிவிட்டது. அங்கிருந்தே நீ திருப்பிக் கொடு. இரண்டாவது, ஊரைக் கேள். மூன்றாவது, வீட்டில் யார் யார் இருந்தார்கள் என்று கேள். அதற்கு மேல் கேள்வி தேவைப்படாது. தண்ணீர்ச் சொம்பை அவர் பக்கம் நகர்த்திவைத்துவிட்டு, வாயை மூடிக்கொண்டு கேள்.